முதலில் எதைச் செய்வது?

குடும்பக் கல்விப் பகுதி



சென்ற ஐப்பசியில் ஒரு மாலைப் பொழுது. தில்லை நகரின் குறுக்குத் தெருக்களில் மழைநீர் தேங்கி நின்றது. நனைந்த குடையுடன் நண்பர் ஒருவரின் இல்லத்துப் படியேறினேன். உள்ளே ஏழாம் வகுப்பில் பயிலும் அவருடைய மகள் கணக்கு ஏட்டின் முன் தலை கவிழ்ந்து அமர்ந்திருந்தாள். ஏட்டின் பக்கத்தில் கண்ணீர் விழுந்து மை பரவியிருந்தது. தந்தையார் கையில் சிவப்பு மைப் பேனாவுடன் அவளருகே நின்றார். ஓர் அலுவலகத்தின் கணக்குப் பிரிவில் பல ஆண்டுகளாகப் பணிபுரிபவர் அவர்.

“பாருங்கள் ஐயா! இத்தனை எளிய கணக்கு. இதற்கே இவளுக்கு விடை வரவில்லை. இவளுக்கும் கணக்குக்கும் வெகுதூரம்” என்றார்.

ஏட்டை வாங்கிப் பார்த்தேன். கணக்கு இதுதான்:

3/4 + 1/4 × 2/3

சிறுமி 2/3 என்று விடை எழுதியிருந்தாள். அதன்மேல் சிவப்பு மையால் பெரிய பெருக்கல் குறி ஒன்று போடப்பட்டிருந்தது. அது தவறான விடைதான், ஐயமில்லை. ஆனால் அந்தத் தவறு எங்கிருந்து பிறந்தது என்று எவரும் அவளைக் கேட்கவில்லை. நான் கேட்டேன்.

“முக்காலும் காலும் சேர்ந்தால் ஒன்று, தாத்தா. ஒன்றை மூன்றில் இரண்டால் பெருக்கினால் மூன்றில் இரண்டுதானே?” என்றாள்.

பெற்றோர்களே, அந்தக் குழந்தையின் விடையை ஒரு கணம் எண்ணிப் பாருங்கள். முக்காலும் காலும் சேர்ந்தால் ஒன்று என்று அவள் அறிவாள். பின்னத்தைப் பெருக்கவும் அறிவாள். அவள் செய்த இரண்டு செய்கைகளுமே பிழையற்றவை. பிழை இருந்தது ஒன்றே ஒன்றில்: எதை முதலில் செய்வது என்பதில். அழகாகக் கூடி முழு எண்ணாகும் இரு பின்னங்களைக் கண்டதும் கண் அங்கே ஓடிவிட்டது. கணக்கு எழுதியவர் வேண்டுமென்றே வைத்த சிறு பொறி அது.

ஒரு வரியில் கூட்டலும் பெருக்கலும் ஒன்றாக வந்தால் பெருக்கலை முதலில் முடிக்க வேண்டும் என்பது முறை. இதனை மனப்பாடம் செய்வித்தால் போதாது. காரணத்தையும் சொல்ல வேண்டும். நான் அவளிடம் இவ்வாறு சொன்னேன்: “அம்மா கடையில் முக்கால் கிலோ துவரம் பருப்பு வாங்கினார். வீட்டிலே கால் கிலோப் பொட்டலம் ஒன்று இருந்தது. அதில் மூன்றில் இரண்டு பங்குதான் எஞ்சியிருந்தது. இப்போது வீட்டில் உள்ள பருப்பு எவ்வளவு? வீட்டில் எஞ்சியது எவ்வளவு என்று தெரியாமல் அதைக் கடைப் பருப்போடு கூட்ட முடியுமா?”

சிறுமி நிமிர்ந்தாள். “முடியாது. கால் கிலோவில் மூன்றில் இரண்டு என்றால் ஆறில் ஒன்று. முக்காலோடு ஆறில் ஒன்றைக் கூட்ட வேண்டும். பன்னிரண்டில் ஒன்பதும் பன்னிரண்டில் இரண்டும்... பன்னிரண்டில் பதினொன்று!”

11/12 என்பதே சரியான விடை. ‘1/4 × 2/3’ என்பது பெருக்கல் குறியால் கட்டப்பட்ட ஒரே பொருள். கட்டை அவிழ்த்து உள்ளே இருப்பது எவ்வளவு என்று கண்ட பின்னரே அதை மற்றொன்றோடு சேர்க்க இயலும். இதுதான் அந்த முறையின் உட்பொருள்.

அடுத்த கணக்கை நோக்கினோம்:

1/2 − 1/4 + 1/8

“இதை நானே செய்து காட்டுகிறேன்” என்று தந்தையார் முன்வந்தார். “போட்மாஸ் விதி. முதலில் அடைப்புக்குறி, பிறகு ‘இல்’ என்னும் பங்கு, பிறகு வகுத்தல், பெருக்கல், கூட்டல், கழித்தல். கூட்டல் முன்னே, கழித்தல் பின்னே. காலும் அரைக்காலும் கூடினால் எட்டில் மூன்று. அரையிலிருந்து அதைக் கழித்தால் எட்டில் ஒன்று” என்று விரைந்து எழுதினார்.

சிறுமி தன் ஏட்டில் 3/8 என்று எழுதியிருந்தாள். நூலின் கடைசிப் பக்கத்தைப் புரட்டினோம். அங்கும் 3/8 என்றே இருந்தது.

“அச்சுப் பிழையாக இருக்கும்” என்றார் தந்தையார். அடுக்களையிலிருந்து காபி கொண்டுவந்த தாயார் சிரிப்பை அடக்கிக்கொண்டதை நான் கண்டேன்.

அச்சுப் பிழை அன்று. போட்மாஸ் என்னும் அந்தச் சொல்லை நம்மில் பலர் தவறாகவே மனத்தில் பதித்திருக்கிறோம். அதில் ஆறு எழுத்துகள் இருப்பதால் ஆறு படிகள் என்று எண்ணுகிறோம். உண்மையில் படிகள் நான்கே. முதற்படி அடைப்புக்குறி. இரண்டாம் படி ‘இல்’ என்னும் பங்கு. மூன்றாம் படியில் வகுத்தலும் பெருக்கலும் சம உரிமையுடன் நிற்கின்றன. நான்காம் படியில் கூட்டலும் கழித்தலும் சம உரிமையுடன் நிற்கின்றன. ஒரே படியில் நிற்பவற்றை இடமிருந்து வலமாக, வந்த வரிசையிலேயே செய்து செல்ல வேண்டும். அரையிலிருந்து கால் போனால் கால். அதனோடு அரைக்கால் சேர்ந்தால் எட்டில் மூன்று. சிறுமி செய்ததே சரி.

தந்தையாரின் முகம் வாடியது. அவரைத் தேற்றும் பொருட்டுச் சுவரில் தொங்கிய பங்கின் நாள்காட்டியைச் சுட்டிக்காட்டி, “தம்பி, நீங்கள் செய்த தவற்றை உரோமையில் எவரேனும் செய்திருந்தால் இந்த நாள்காட்டியே தடம் மாறியிருக்கும்” என்றேன். அந்தக் கதையை இங்கே சொல்வது பொருந்தும்.

யூலியு சீசர் காலத்து நாள்காட்டியில் ஓர் ஆண்டுக்கு 365 நாளும் கால் நாளும் என்று கணக்கு. ஆதலால் நான்கு ஆண்டுகளுக்கு ஒருமுறை ஒரு நாளைச் சேர்த்தார்கள். ஆனால் கதிரவனின் ஆண்டு அதனினும் சற்றுக் குறைவானது. பல நூற்றாண்டுகளில் அந்தச் சிறு வேறுபாடு பத்து நாள்களாக வளர்ந்துவிட்டது. பாஸ்கா விழாவைக் கணிப்பதற்குரிய வேனிற் சமநாள், மார்ச் 21 என்னும் தன் இடத்தைவிட்டு முன்னோக்கி நகர்ந்துவிட்டது. இத்தாலி நாட்டு மருத்துவர் அலோசியுஸ் லிலியுஸ் ஒரு திருத்தத்தை வகுத்தார். அவர் மறைந்த பின்னர், இயேசு சபைக் குருவும் கணித அறிஞருமான கிறிஸ்தோபர் கிளாவியுஸ் அத்திருத்தத்தை விளக்கி நிலைநாட்டுவதில் பெரும் பங்கு ஆற்றினார். 1582-இல் திருத்தந்தை 13-ஆம் கிரகோரியார் அதனை நடைமுறைப்படுத்தினார். அவ்வாண்டு அக்டோபர் 4-ஆம் நாளுக்கு மறுநாள் அக்டோபர் 15 ஆயிற்று.

அந்தத் திருத்தம் என்ன? நான்கு ஆண்டுகளுக்கு ஒரு நாளைச் சேர். நூறு ஆண்டுகளுக்கு ஒரு நாளை எடு. நானூறு ஆண்டுகளுக்கு ஒரு நாளைத் திருப்பிக் கொடு. அதனால்தான் 1700, 1800, 1900 ஆகியவை நெட்டாண்டுகள் அல்ல, 2000 நெட்டாண்டாயிற்று, 2100 நெட்டாண்டு ஆகாது. இதனைப் பின்னமாக எழுதினால்:

1/4 − 1/100 + 1/400

இடமிருந்து வலமாகச் செய்யுங்கள். 400 என்பதே பொதுப் பகுதி. நூறில் நான்கு போனால் தொண்ணூற்றாறு. அதனோடு ஒன்று சேர்ந்தால் தொண்ணூற்றேழு. ஆக 97/400. நானூறு ஆண்டுகளில் 97 நெட்டாண்டுகள். நாம் பின்பற்றும் நாள்காட்டி இதுவே. இனி, கூட்டலை முதலில் செய்யுங்கள். நூறில் ஒன்றும் நானூறில் ஒன்றும் கூடினால் 5/400. நானூறில் நூறிலிருந்து அதனைக் கழித்தால் 95/400. நானூறு ஆண்டுகளில் இரண்டு நாள் குறைவு! திருப்பிக் கொடுத்த நாளையும் எடுத்த நாளோடு சேர்த்துப் பறித்துக்கொண்டதால் நேர்ந்த குறை அது. கொடுத்ததைக் கொடுத்ததாகவும் எடுத்ததை எடுத்ததாகவும் வரிசைப்படி எழுதுவதே நேர்மையான கணக்கு. ஒவ்வோர் எண்ணும் தனக்கு முன்னே நிற்கும் குறியைத் தன்னுடனேயே சுமந்து செல்கிறது என்று குழந்தைகளுக்குச் சொல்லுங்கள், மறக்கமாட்டார்கள்.

கிளாவியுஸ் அடிகளார் 1608-இல் வெளியிட்ட இயற்கணித நூலில், நம் பிள்ளைகள் இன்று எழுதும் வளைந்த அடைப்புக்குறிகளையும் காணலாம். இன்ன பகுதியை ஒன்றாகக் கொள்க என்று படிப்பவருக்கு அறிவிக்கும் அடையாளமே அடைப்புக்குறி. அது எழுதுகிறவன் படிக்கிறவனுக்குச் செய்யும் உதவி.

ஆனால் எல்லா அடைப்புக்குறிகளும் கண்ணுக்குத் தெரிபவை அல்ல. பின்னக் கணக்கில் மறைந்து நிற்கும் அடைப்புகள் இரண்டு உண்டு. பிள்ளைகள் இடறுவது பெரும்பாலும் அங்கேதான்.

முதலாவது, கலப்புப் பின்னம். இரண்டரை ரூபாய் வீதம் நான்கு பழம் வாங்கினால் பத்து ரூபாய் என்று எந்தக் குழந்தையும் சொல்லும். ஆனால் ஏட்டில் இரண்டையும் அரையையும் அருகருகே எழுதி, நான்கால் பெருக்கு என்றால், அரையை மட்டும் பெருக்கி, இரண்டைக் கூட்டி, நான்கு என்று எழுதும் பிள்ளைகளும் இருக்கிறார்கள். இரண்டுக்கும் அரைக்கும் நடுவே ஒரு கூட்டல் குறியும், இரண்டையும் சுற்றி ஓர் அடைப்பும் மறைந்திருப்பதை அவர்கள் காணவில்லை. நம் தாய்மொழி இதனை எவ்வளவு நுட்பமாகக் காட்டுகிறது என்று பாருங்கள்! இரண்டு என்பதும் அரை என்பதும் புணர்ந்து ‘இரண்டரை’ என ஒரே சொல்லாகிவிடுகிறது. அந்தப் புணர்ச்சியே அடைப்புக்குறி. ஒரு சொல்லைப் பாதியாகப் பிளந்து ஒரு பாதியை மட்டும் எவரும் பெருக்கமாட்டார்.

இரண்டாவது, பின்னக் கோடு. காலையில் அரை லிட்டர் பால் வாங்கினோம். மாலையில் முக்கால் லிட்டர் வாங்கினோம். ஒரு வேளைக்குச் சராசரி எவ்வளவு? அரையையும் முக்காலையும் கூட்டி, கீழே ஒரு நீண்ட கோடிட்டு, அதன் அடியில் 2 என்று எழுதுகிறோம். அந்த நீண்ட கோடு தன் மேலே உள்ள அனைத்தையும் ஒன்றாகக் கட்டிவிடுகிறது. மேலே ஒன்றேகால்; அதில் பாதி 5/8 லிட்டர். இதே கணக்கை இக்காலப் பிள்ளைகள் கைப்பேசியில் 1/2 + 3/4 ÷ 2 என்று ஒரே வரியில் தட்டுகிறார்கள். கைப்பேசி முறை தவறாமல் வகுத்தலை முதலில் செய்து 7/8-க்குரிய விடையைத் தருகிறது. இயந்திரம் பிழை செய்யவில்லை. கோட்டை எடுத்துவிட்டு, அதற்கு ஈடாக அடைப்புக்குறி இடாதவர்கள் நாமே. கடைகளில் உள்ள சாதாரணக் கணிப்பான்கள் பலவற்றிலோ தட்டிய வரிசையிலேயே கணக்கு நடக்கும். அதே வரியை அங்கே தட்டினால் வேறொரு விடை கிடைக்கும். ஆகவே இயந்திரத்தை நம்புவதற்கு முன், அதற்கு நாம் என்ன சொன்னோம் என்பதைப் பார்க்க வேண்டும்.

இன்னொரு நுட்பமும் உண்டு. 1/2 ÷ 3/4 × 2/3 என்பதில் வகுத்தலும் பெருக்கலும் ஒரே படியில் நிற்பவை. இடமிருந்து செய்தால் முதலில் 2/3, பின்னர் 4/9. ஆனால் ‘1/2 ÷ 3/4-இல் 2/3 பங்கு’ என்று இருந்தால், நம் நாட்டுப் பள்ளிகளில் ‘இல்’ என்பதை முதலில் முடிப்பது வழக்கம். முக்காலில் மூன்றில் இரண்டு பங்கு என்பது அரை. அரையை அரையால் வகுத்தால் 1. பெருக்கல் குறியும் ‘இல்’ என்பதும் ஒரே செய்கையையே குறித்தபோதிலும், ‘இல்’ என்பது சொற்களை இன்னும் இறுக்கமாகக் கட்டுகிறது. போட்மாஸ் என்னும் சொல்லின் இரண்டாம் எழுத்து வேறு நாடுகளில் அடுக்குகளைக் குறிப்பதாகக் கொள்ளப்படுகிறது. இங்கே நாம் பங்கு என்று படிக்கிறோம். முறை என்பது விண்ணிலிருந்து விழுந்ததன்று. எழுதுகிறவரும் படிக்கிறவரும் செய்துகொண்ட உடன்படிக்கை அது. அதனாலேயே ஐயத்துக்கு இடமுள்ள இடங்களில் அடைப்புக்குறி இட்டு எழுதுவது நற்பண்பு.

அவ்வீட்டிலிருந்து புறப்பட்டபோது மழை விட்டிருந்தது. புத்தூர்ப் பக்கம் உய்யக்கொண்டான் வாய்க்கால் நிறைந்து ஓடிக்கொண்டிருந்தது. உய்யக்கொண்டான் என்பது முதலாம் இராசராசனின் விருதுப் பெயர்களுள் ஒன்று. அப்பெயரைக் கண்டதும் தஞ்சைப் பெரிய கோவிலின் சுவர்களில் உள்ள கல்வெட்டுகள் நினைவுக்கு வந்தன. 1010-இல் நிறைவெய்திய அக்கோவிலின் கற்களில் பின்னக் கணக்கு மலைக்கத்தக்க அளவில் வெட்டப்பட்டிருக்கிறது.

அக்காலத் தமிழர் நிலத்தை வேலியால் அளந்தனர். வேலியில் இருபதில் ஒரு பங்கு மா. எண்பதில் ஒரு பங்கு காணி. முந்நூற்றிருபதில் ஒரு பங்கு முந்திரி. பொதுப் பகுதி 320 என்று முன்னரே அமைந்துவிட்டதால் கூட்டல் மிக எளிது. கால் என்பது 80 முந்திரி; மா என்பது 16 முந்திரி; காணி என்பது 4 முந்திரி. காலும் மாவும் காணியும் கூடினால் நூறு முந்திரி. திண்ணைப் பள்ளிகளில் எண்சுவடி ஓதிய சிறுவர்கள் இந்த வாய்பாடுகளை நாவிலேயே வைத்திருந்தனர்.

முந்திரியினும் சிறிய அளவு வந்தால் என்ன செய்தார்கள்? ‘கீழ்’ என்னும் ஒரு சொல்லை இட்டார்கள். அச்சொல்லுக்குப் பின் வருவன அனைத்தையும் முந்நூற்றிருபதால் வகுத்துக்கொள்க என்பது அதன் பொருள். நான் ஓர் எடுத்துக்காட்டு அமைத்துச் சொல்கிறேன். ‘கீழ் அரையே இருமா’ என்றால், அரையையும் இருமாவாகிய பத்தில் ஒன்றையும் முதலில் கூட்ட வேண்டும். ஐந்தில் மூன்று வரும். அதன் பின் அதை 320-ஆல் வகுக்க வேண்டும், 3/1600 வேலி. ஒரு மாவில் இருபத்தைந்தில் ஒரு பங்குகூடத் தேறாத நிலம். ‘கீழ்’ என்பது அரைக்கு மட்டுமே உரியது என்று ஒருவர் படித்துவிட்டால், இருமா நிலம் முழுமையாகக் கணக்கில் ஏறிவிடும்; உழவன் இல்லாத நிலத்துக்கு இறை செலுத்த நேரும்! அடைப்புக்குறி என்னும் வடிவம் இல்லாத காலத்தில், அந்த வேலையை ஒரு தமிழ்ச் சொல் செய்தது. ‘கீழ்’ என்பதையே மேலும் மேலும் அடுக்கி, ஒரு வேலியில் 52,42,88,00,000-இல் ஒரு பங்கு வரையிலும் கணக்கிட்டிருப்பதை வரலாற்றறிஞர் எடுத்துக்காட்டியிருக்கின்றனர். 320-ஐ நான்கு முறை தன்னோடு தானே வைத்துப் பெருக்கி, அதனை ஐந்தால் பெருக்கினால் அந்த எண் வரும். எந்த அளவுகோலும் அத்தனை சிறிய நிலத்தை அளந்திருக்க முடியாது. கணக்கன் தன் கணக்கை நடுவில் வெட்டிவிடாமல் இறுதிவரை செய்தான் என்பதற்கு அது சான்று.

இன்னொன்றையும் அக்கல்வெட்டுகளில் காணலாம். ஓர் ஊரின் மொத்த நிலத்தை முதலில் சொல்வார்கள். பிறகு ஊர் நத்தம், குளங்கள், ஊடறுத்துப் போகும் வாய்க்கால்கள், சேரிகள், சுடுகாடு முதலிய இறை கட்டாத நிலங்களைத் தொகுத்துச் சொல்வார்கள். அவற்றை நீக்கிய பின் எஞ்சிய நிலம் இவ்வளவு. அதற்கு இறை இவ்வளவு என்று முடிப்பார்கள். மொத்தத்திலிருந்து அடைப்புக்குள் உள்ள கூட்டுத்தொகையைக் கழித்து, எஞ்சியதைப் பெருக்குவது என்னும் கணக்கே அது. எஞ்சியது எது என்பதில் ஐயம் எழாதபடி எழுதி வைத்தார்கள்.

இவ்வளவையும் நான் நினைத்துப் பார்த்ததற்குக் காரணம் உண்டு. எங்கள் குடும்பத்தில் அந்த ஒரு சொல் எழுதப்படாமல் போயிற்று.

என் தாயைப் பெற்ற பாட்டனார் இலால்குடிப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றில் ஆறு ஏக்கர் நிலம் வைத்திருந்தார். அவருக்கு இரண்டு ஆண்மக்கள்; ஒரே மகள் என் தாயார். தம் இறுதிக் காலத்தில் ஒரு தாளில் இவ்வாறு எழுதி வைத்தார்: ‘நிலத்தில் மூன்றில் ஒரு பங்கு மகளுக்கு நீக்கி, பாதி மூத்தவனுக்கு, மீதி இளையவனுக்கு.’

பெரிய மாமா படித்தார்: பாதி என்றால் நிலத்தில் பாதி. மகளுக்கு 2 ஏக்கர், தமக்கு 3 ஏக்கர், தம்பிக்கு 1 ஏக்கர். கணக்காகச் சொன்னால், 1 − 1/3 − 1/2; இளையவருக்கு எஞ்சுவது 1/6.

சின்ன மாமா படித்தார்: பாதி என்றால் நீக்கிய பின் எஞ்சியதில் பாதி. மூவருக்கும் இவ்விரண்டு ஏக்கர். கணக்காகச் சொன்னால், (1 − 1/3) × 1/2. ஒவ்வோர் ஆண்மகனுக்கும் 1/3.

இருவருடைய கணக்கிலும் பிழையில்லை. தாளில் அடைப்புக்குறி இல்லை, அவ்வளவே. அந்த ஓர் ஏக்கரின் பொருட்டு அண்ணனும் தம்பியும் பதினோர் ஆண்டுகள் பேசவில்லை. ஒருவர் வீட்டுத் திருமணத்துக்கு மற்றவர் வரவில்லை. கிறிஸ்து பிறப்பு விழாத் திருப்பலியில் கோவிலின் வலப்பக்கம் ஒருவரும் இடப்பக்கம் ஒருவருமாக அமர்ந்திருந்ததைச் சிறுவனாகிய நான் கண்டிருக்கிறேன். ஊர்ப் பெரியவர்கள் கூடிப் பேசினார்கள். நிலம் அளப்பவரை அழைத்து வந்தார்கள். எதுவும் தீரவில்லை.

பெரிய மாமா நோயுற்றுக் கிடந்த நாள்களில் என் தாயார் அவரைக் காணச் சென்றார். பேச்சு எப்படியோ அந்தத் தாளின்மேல் சென்றது. அப்போது தாயார் அமைதியாகச் சொன்னார்: “அண்ணா, ஐயா அந்தத் தாளை எழுதிய இரவு விளக்கைப் பிடித்துக்கொண்டு நின்றவள் நான்தான். ‘எஞ்சியதில் பாதி மூத்தவனுக்கு’ என்று வாய்விட்டுச் சொல்லிக்கொண்டேதான் எழுதினார். கை நடுங்கிற்று, ஒரு சொல் விட்டுப்போயிற்று.”

மாமா நெடுநேரம் பேசவில்லை. பிறகு, “இத்தனை காலமாக ஏன் சொல்லவில்லை, அம்மா?” என்று கேட்டார்.

“என்னை யார் கேட்டீர்கள்?” என்றார் என் தாயார்.

மறுவாரமே தம்பியை வரவழைத்து ஓர் ஏக்கரை எழுதிக் கொடுத்தார் பெரிய மாமா. பதினோர் ஆண்டுகளை எழுதிக் கொடுக்க அவரால் இயலவில்லை.

பெற்றோர்களே, தில்லை நகரில் அந்தச் சிறுமியின் ஏட்டைப் பார்த்தபோது என் தாயாரின் சொல்லே என் செவியில் ஒலித்தது. விடையைப் பார்த்தார்கள், சிவப்பு மையால் கோடிட்டார்கள், ‘நீ இதை எப்படிப் படித்தாய்?’ என்று அவளை எவரும் கேட்கவில்லை. பின்னக் கணக்கில் தவறும் பிள்ளைகளில் பலர் கூட்டத் தெரியாதவர்கள் அல்லர்; பெருக்கத் தெரியாதவர்களும் அல்லர். நாம் ஒரு வகையாகப் படித்ததை அவர்கள் வேறு வகையாகப் படித்துவிட்டார்கள். அதைக் கேட்டறிய இரண்டு நிமிடம் போதும். கேளாமல், ‘உனக்குக் கணக்கு வராது’ என்று சொல்லிவிட்டால், அச்சொல் அவர்கள் உள்ளத்தில் ஆண்டுக்கணக்கில் தங்கிவிடும்.

ஆதலால் வீட்டில் இந்த ஒழுங்கைக் கடைப்பிடியுங்கள். கணக்கைத் தொடங்குமுன், எதை முதலில் செய்யப் போகிறாய் என்று பிள்ளையைக் கேளுங்கள்; அதன் அடியில் பென்சிலால் ஒரு கோடு போடச் சொல்லுங்கள். அடைப்பும் பின்னக் கோடும் இருந்தால் அவற்றின் உள்ளே உள்ளது முதலில். அடுத்து ‘இல்’ என்னும் பங்கு. அடுத்து பெருக்கலும் வகுத்தலும், வந்த வரிசையில். இறுதியாகக் கூட்டலும் கழித்தலும், வந்த வரிசையில். ஒரு வரிக்கு ஒரு செய்கை மட்டும் செய்து, மற்றவற்றை அப்படியே கீழே இறக்கி எழுதப் பழக்குங்கள். தாள் சற்று மிகுதியாகச் செலவாகும், பிழை குறையும்.

இம்மாதம் குடும்பமாக அமர்ந்து செய்வதற்கு மூன்று கணக்குகள்:

(1) 5/6 − 1/2 × 1/3

(2) 7/8 − 1/4 + 1/8

(3) (2/3 + 1/6) ÷ 5/12

விடைகள்: முதலாவது 2/3, இரண்டாவது 3/4, மூன்றாவது 2. இரண்டாவது கணக்கில் உங்களுக்கு 1/2 வந்திருந்தால், அச்சுப் பிழை என்று எங்களுக்குக் கடிதம் எழுதுமுன் உங்கள் பிள்ளையிடம் ஒருமுறை கேட்டுப் பாருங்கள்.

அந்தச் சிறுமியை மீண்டும் சென்ற ஞாயிறன்று கண்டேன். ஏட்டை ஓடி எடுத்துவந்து காட்டினாள். ஒவ்வொரு கணக்கின் அடியிலும் முதலில் செய்ய வேண்டியதற்குப் பென்சில் கோடு இருந்தது. சிவப்பு மைப் பேனாவைக் காணோம். “அப்பா இப்போது முதலில் என்னைக் கேட்கிறார், தாத்தா” என்றாள்.